அறியாமைத் திரைக்குப் பின்னால் துணிந்து பந்தயம் கட்டினால் என்ன தப்பு?

கேள்வி:
அமெரிக்கத் தத்துவவாதி ஜான் ரால்ஸ் 1971இல் எழுதிய சிந்தனைச் சோதனை பலருக்கும் தெரிந்திருக்கும். ஒரு சமூகத்தின் விதிகளை நாம் உட்கார்ந்து தீர்மானிக்கிறோம், ஆனால் அங்கே நாம் ஆணா பெண்ணா, பணக்காரரா, நோயாளியா எதுவும் தெரியாது. அந்தத் தெரியாமைக்குத்தான் "அறியாமைத் திரை" என்று பெயர். அப்படி இருந்தால் கடைசியில் இருப்பவரின் நிலையைக் கூடியவரை உயர்த்தும் ஏற்பாட்டைத்தான் எல்லோரும் கேட்பார்கள் என்கிறார். எனக்கு இடிப்பது இங்கேதான். 100 பேரில் 99 பேர் செழிப்பாக வாழ்ந்து ஒருவர் மட்டும் கஷ்டப்படும் சமூகமா, எல்லோரும் சுமாராக வாழும் சமூகமா என்றால் நான் ஏன் முதலாவதைக் கேட்கக் கூடாது? நூற்றில் ஒன்றுக்கு இவ்வளவு பயமா?

பதில் 1:
பொருளியலாளர் ஜான் ஹர்சானியும் உங்கள் கட்சிதான். ரால்ஸின் புத்தகம் வருவதற்கு முன்பே, 1950களிலேயே, இதே மாதிரி கற்பனை செய்து, யாராக இருக்கவும் சம வாய்ப்பு என்றால் சராசரி நலன் கூடுவதைத்தான் விரும்புவோம் என்றார். மோசமானதை மட்டுமே பார்த்து முடிவெடுப்பவர் சாலையைக்கூடக் கடக்க முடியாது என்பது அவர் வாதம். ஆனால் ரால்ஸின் திரை இன்னும் தடிமனானது. நூற்றில் ஒன்று என்ற அந்தக் கணக்கே உங்களுக்குத் தெரியாது.

பதில் 2:
கணக்கு தெரிந்தாலும் எனக்கு ஒப்பவில்லை. அந்த ஒருவர் யார்? இரவெல்லாம் மற்ற 99 பேரின் கழிவை அள்ளி, நாற்பது வயதிலேயே நுரையீரல் போய், மாடிப்படியில் பாதியிலேயே உட்கார்ந்துவிடுகிறவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவரிடம் போய் "வாய்ப்பு குறைவாகத்தான் இருந்தது, உங்கள் பக்கம் விழுந்துவிட்டது" என்று சொல்ல முடியுமா? பின்னால் தன்னால் மனதாரக் காப்பாற்ற முடியாத ஒப்பந்தத்துக்கு யாரும் இப்போது தலையாட்டக் கூடாது என்பதும் ரால்ஸ் சொன்னதுதான், அதை ஏனோ பலர் விட்டுவிடுகிறார்கள். ஒரே ஒரு வாழ்க்கை, தோற்றால் அடுத்த ஆட்டம் கிடையாது.

கேட்டவர்:
சரி, அது உறைக்கிறது. ஆனால் கடைசி ஆளுக்கு ஒரு துளி கூடுவதற்காக நடுவில் இருப்பவர்கள் நிறைய இழந்தாலும் பரவாயில்லை என்று ஆகிவிடாதா?

பதில் 3:
ஆகும், அதனால்தான் நான் நடுவில் நிற்கிறேன். 1980களில் ஃப்ரோலிக், ஓப்பன்ஹைமர் என்ற இரண்டு ஆய்வாளர்கள் இதை நிஜமாகவே செய்து பார்த்தார்கள். மாணவர்களைச் சிறு குழுக்களாக உட்காரவைத்து, தனக்கு எந்த வருமான நிலை விழும் என்று தெரியாமலே ஒரு விதியைப் பேசி முடிவுசெய்யச் சொன்னார்கள், கையில் உண்மையான பணமும் கிடைக்கும். பெரும்பாலான குழுக்கள் ரால்ஸின் விதியையும் எடுக்கவில்லை, வெறும் சராசரியையும் எடுக்கவில்லை. இதற்குக் கீழே யாரும் விழக் கூடாது என்று ஒரு வரம்பு, அதற்கு மேல் சராசரி கூடட்டும் என்றார்கள்.

அந்த வரம்பை எங்கே வைப்பது என்பதில்தான் அப்புறம் சண்டையே. சாப்பாடு மட்டும் போதாது, மருத்துவமும் அதற்குள் வர வேண்டும் என்பேன், ஏனென்றால் ஒரு பெரிய நோய் வந்தால் சாப்பாட்டுக்கு இருந்த காசும் மருந்துக்குப் போய்விடும். பதில் 2இல் வரும் அந்த மனிதருக்கு முதலில் வேண்டியதும் அதுதான்.