ஏப்ரல் பில்லுக்கு எல்யூடி இல்லை, என்ன செய்யலாம்?

வணக்கமுங்க. திருப்பூரில் நானும் தம்பியும் பனியன் கம்பெனிகளுக்குச் சாஃப்ட்வேர் எழுதுகிறோம். இப்போது ஜெர்மனியிலும் ஒரு பார்ட்டி கிடைத்திருக்கிறது. சேவை ஏற்றுமதிக்கு ஜிஎஸ்டி பூஜ்யம்தான். ஆனால் வரி கட்டாமல் ஏற்றுமதி செய்ய ஜிஎஸ்டி துறைக்குக் கொடுக்கும் உறுதிமொழிக் கடிதமான எல்யூடியை ஒவ்வொரு நிதியாண்டுக்கும் புதிதாகப் போட வேண்டும். ஊரில் மாரியம்மன் நோம்பி, அந்த அலைச்சலில் மார்ச் 31 தாண்டியதே தெரியவில்லை. ஏப்ரல் 4-ல் பில் போட்டுவிட்டு, 11-ம் தேதிதான் எல்யூடிக்கான ஆர்எஃப்டி-11 படிவத்தைத் தாக்கல் செய்தேன்.

அந்த ஒரு பில்லுக்கு 18 சதவீதம் கட்டியே ஆகணுமா? எல்யூடி தாமதமானாலும் பின்னர் ஏற்கலாம் என்று 2019 ஜிஎஸ்டி சுற்றறிக்கை சொல்கிறது. நடைமுறையில் யாருக்காவது ஏற்றுக்கொண்டார்களா?

அப்புறம், வெளிநாட்டுப் பணம் எதற்கு வந்தது என்று காட்டும் குறியீடாக நான் பி0802 (சாஃப்ட்வேர் சேவை) என்று எழுதிக் கொடுத்தும், பணம் வந்ததற்கான பேங்க் சீட்டில் வேறு குறியீடு விழுந்திருக்கிறது. மாற்றியவர்கள் இருந்தால் சொல்லுங்க. ஆடிட்டர் அடுத்த வாரம் வரச் சொல்கிறார், அதுவரை தூக்கம் வராது போல.