புதுப்பிப்பு: சித்தப்பா கொடுத்த கிரிமினல் வழக்கு ரத்தாகிவிட்டது

தாத்தா நிலத்தை அப்பா விற்றதற்கு, போலிப் பத்திரம் என்று சித்தப்பா புகார் கொடுத்து எஃப்ஐஆர் ஆனதைப் போன வருடம் எழுதியிருந்தேன். நேற்று உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது.

பிஎன்எஸ்எஸ் என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 528-ஆவது பிரிவில், அதாவது பழைய சிஆர்பிசி 482-இல்தான் மனு போட்டோம். எங்களைக் காப்பாற்றியது உச்ச நீதிமன்றத்தின் 2009 முகமது இப்ராஹிம் தீர்ப்பு: சொத்து தன்னுடையது என்று சொல்லி ஒருவர் தன் பெயரிலேயே எழுதிக் கொடுத்த கிரயப் பத்திரம், அவருக்கு உரிமை இல்லாமல் போனாலும்கூட, போலி ஆவணம் ஆகாது.

சமரசம் ஆகாமல் ரத்தாகுமா என்று பலர் கேட்டீர்கள். ஆகும், எங்களுக்குச் சமரசமே நடக்கவில்லை. ஆனால் பாகப்பிரிவினை வழக்கு சிவில் கோர்ட்டில் அப்படியே இருக்கிறது, பங்கு யாருக்கு எவ்வளவு என்பது இனி அங்கேதான். அப்பா ராத்திரி நிம்மதியாகத் தூங்கினார், அப்புறம் காலையில் சித்தப்பாவைப் பற்றித்தான் கேட்டார்.