கல்லடிக் குடும்பக் குழு: படகில் ஏறிய பூனை

சுதா: பிள்ளைகளோடு ஃப்ளோ என்ற அனிமேஷன் படம் பார்த்து முடித்தேன். லாத்வியா நாட்டுப் படம், 2024இல் வந்தது, 2025இல் ஒஸ்கார் எடுத்தது. படம் முழுக்க ஒரு வசனம் இல்லை. எல்லாரும் கட்டாயம் பாருங்க.

கபில்: வெள்ளத்துக்குள் ஒரே படகில் பூனை, நாய், குரங்கு மாதிரியான லெமூர், பெரிய எலி மாதிரியான கப்பிபாரா எல்லாம் போகுமே, அதுதானே அக்கா? பிளெண்டர் என்ற இலவச மென்பொருளில்தான் முழுப் படமும் செய்தார்கள்.

சுதா: ஓம், அதுதான். அந்த நெட்டைக்கால் பறவை, செக்ரட்டரிப் பறவை, அது பூனைக்காகத் தன் கூட்டத்துத் தலைவனையே எதிர்த்து நிற்கிற காட்சி நெஞ்சை விட்டுப் போகவில்லை. சண்டையில் சிறகு முறிகிறது, கூட்டம் அதை விட்டுவிட்டுப் பறந்துவிடுகிறது, மறுகா அது பேசாமல் படகில் ஏறிச் சுக்கானைப் பிடிக்கிறது.

பெரிய மாமா: படம் நல்லதுதான் மனே, ஆனால் மிருகங்கள் தன் தன் தேவைக்குத்தான் சேரும். வயலில் எருமைக்குப் பக்கத்தில் கொக்கு நிற்பது பூச்சி கிளம்புவதால். அதை நம்பிக்கை என்று சொல்ல ஏலாது.

சுதா: கொக்குக்கு இரை கிடைக்கிறது மாமா, சரி. இந்தப் பறவைக்கு என்ன கிடைத்தது? சிறகும் போய்க் கூட்டமும் போய்விட்டது. பூனையும் லேசில் நம்பவில்லை, படகில் ஏறியும் ஒதுங்கித்தான் இருக்கிறது, தண்ணீரைக் கண்டாலே பயம். பிறகு அதே பூனை தானாகவே தண்ணீருக்குள் பாய்ந்து மீன் பிடித்து வந்து மற்றவைக்கும் போடும்போதுதான் எனக்குக் கண் கலங்கியது.

பெரிய மாமா: அந்த நாய்க் கூட்டத்தையும் சொல்லு. தங்களைக் காப்பாற்றிய படகு மரத்தில் தொங்குகிறது, உள்ளே கப்பிபாரா, இழுத்துக்கொண்டிருக்கிற நேரத்தில் முயலைக் கண்டதும் ஓட்டம்.

சுதா: படகில் கூடவே வந்த லாப்ரடோர் நாய் ஓடவில்லையே மாமா! மற்ற நாய்களும் அதன் கூட்டம்தானே. எல்லா மிருகமும் நல்லது என்று காட்டியிருந்தால் நான் நம்பியிருக்க மாட்டேன், ஓடுவது ஓடுகிறது, நிற்பது நிற்கிறது.

பெரிய மாமா: ம்ம். அது சரிதான்.

கபில்: கப்பிபாராவின் சொந்தக் குரல் கீச்சென்று இருந்ததால் ஒட்டகக் குட்டியின் குரலைப் போட்டார்களாம்.

வெல்லாவெளிச் சின்னம்மா: 2011 தை வெள்ளத்தில் எங்கள் கூரையில் ஒரு பூனையும் அடுத்த வீட்டு நாயும் விடியும்வரை இருந்தன. இடையில் ஒரு முழம்கூட இல்லை, இரண்டும் நடுங்கிக்கொண்டு, ஒன்றையொன்று சீண்டவே இல்லை. மாமா சொல்கிற மாதிரி அது தேவைதான். ஆனால் தண்ணீர் வற்றின பிறகும் அந்த நாய் அந்தப் பூனையைத் துரத்தினதில்லை, அது என்ன கணக்கு என்று எனக்கு இன்றைக்கும் விளங்கவில்லை. என் பேரனுக்கு இந்தப் படத்தைக் காட்டலாமா புள்ள? மழை இருட்டினாலே பயப்படுகிறான்.

சுதா: காட்டுங்க சின்னம்மா, பக்கத்தில் இருந்து காட்டுங்க. தண்ணீர் வற்றின பிறகு திமிங்கிலம் போன்ற பெரிய மிருகம் ஒன்று காட்டுக்குள் கரையேறிக் கிடக்கும், அதில் அழுவான். பெயர் எழுத்து ஓடத் தொடங்கியதும் நிறுத்திவிடாதீங்க, அது முடிந்து கடலைக் காட்டுகிற மட்டும் அவனை இருத்தி வையுங்க.

கபில்: பென்டிரைவில் போட்டு சனிக்கிழமை கொண்டு வாறேன் சின்னம்மா.