முட்டம் பக்கம் சோலார் உட்காருமிடம்: 100 வாட் போதுமா?

கடியப்பட்டணத்துக்காரன்:
திற்பரப்பு அருவி பார்த்துவிட்டு சாயங்காலம் முட்டத்துக்கு வருகிறவர்கள் கடைகளில் சார்ஜர் கேட்டு அலைகிறார்கள். எங்கள் இளைஞர் மன்றம் கடலோரத்தில் சோலார் கூரை, நான்கு பெஞ்ச், போன் சார்ஜிங், வைஃபை வைக்க நினைக்கிறது. 100 வாட் பேனல் தாங்குமா?

தக்கலை எலக்ட்ரீஷியன்:
நல்ல வெயிலில் நாளுக்குச் சுமார் 400 வாட்மணி கிடைக்கும். ஒரு போனுக்கு 15 முதல் 20 போகும். ஆனால் 10 வாட் ரூட்டர் இரவும் பகலும் ஓடினால் அதுவே 240 தின்றுவிடும். நமக்கோ ஜூனிலும் மழை, அக்டோபரிலும் மழை. வைஃபை வேண்டுமென்றால் பேனலை இரட்டிப்பாக்குங்கள். பேட்டரி லித்தியம் அயர்ன் பாஸ்பேட்டாக இருக்கட்டும்.

வலைக்காரன்:
தம்பி, கணக்கெல்லாம் சரி, உப்புக்காற்றை யார் பார்ப்பது? 304 ரக ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் கடலோரத்தில் நிற்காது, 316 ரகம் வாங்குங்கள். யுஎஸ்பி துளைக்கு ரப்பர் மூடி கட்டாயம், இல்லாவிட்டால் பச்சை பூத்துவிடும். அப்புறம், அலை ஏறும் கோட்டிலிருந்து 500 மீட்டர் வரை கடலோர ஒழுங்குமுறை மண்டலம். அனுமதி வாங்காமல் குழி தோண்டாதீர்கள்.

கடியப்பட்டணத்துக்காரன்:
சரி அண்ணே. இப்போதைக்கு வைஃபை வேண்டாம், எல்லாரிடமும் டேட்டா இருக்கிறது. 316 பைப் நாகர்கோவிலில் எங்கே கிடைக்கும்?