மதினியும் கொழுந்தனும்: அந்த இரவுக் காட்சி தேவையா?

பாம்பன் வாசி:
குறும்படம் ஒன்றுக்குத் திரைக்கதை எழுதி வருகிறேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகள் கரையில் கிடக்கும் 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் கதை நடக்கிறது. அண்ணன் வேலை தேடிக் கேரளத்துக்குப் போய்விட, மாமியாரும் மதினியும், நாட்டுப்படகில் தொழில் செய்யும் முப்பது வயதுக் கொழுந்தனும் வீட்டில் இருக்கிறார்கள். வெளியே சொல்ல முடியாத ஈர்ப்பு இருவருக்கும் இடையே வளர்கிறது. ஓர் இரவில் அவர்கள் நெருங்கிவிடுவதாக எழுதியிருந்ததைப் படித்த என் மனைவி, "இது அவர்கள் கதை இல்லை, நீங்கள் பார்த்த படங்களின் கதை" என்றார். அந்தக் காட்சியை எடுத்துவிட்டால் படத்தில் என்ன மிஞ்சும்?

வாடை:
எல்லாம் மிஞ்சும். தாகூரின் கதையைச் சத்யஜித் ராய் 1964-இல் 'சாருலதா'வாக எடுத்தபோது, கணவரின் ஒன்றுவிட்ட தம்பி அமல் மீது தனக்கு இருப்பது என்னவென்று சாரு உணரும் கணத்தை, ஊஞ்சலில் ஆடும் அவளுடைய முகத்தில் மட்டுமே காட்டினார். அந்தக் கணவர் கெட்டவர் அல்லர் என்பதை மறந்துவிடாதீர்கள். மனைவியின் எழுத்தார்வத்தை வளர்க்கும்படி அமலிடம் கேட்டுக்கொள்பவரே அவர்தான். உங்கள் அண்ணனும் புறப்படும்போது, "மதினியைப் பார்த்துக்கொள்" என்று தம்பியிடம் மனதாரச் சொல்லிவிட்டுப் போகட்டும்.

மண்டபத்துக்காரி:
இந்தக் கரைக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவள் என்பதால் சொல்கிறேன், ஐயா. ஊர் பேசத் தொடங்கினால் கொழுந்தன் படகை எடுத்துக்கொண்டு கடலுக்குப் போய்விடலாம், ஆனால் அவள் மறுநாள் காலையில் குடத்தோடு அதே குழாயடியில்தான் நிற்க வேண்டும். இந்த வேறுபாடு உங்கள் கதையில் எங்கே இருக்கிறது? அவளைக் கடற்பாசி எடுக்கப் போகிறவளாக எழுதுங்கள். அப்போது கடல் அவளுக்கும் சொந்தமாகும், அவளுடைய ஆசையும் சும்மா இருப்பவளின் ஆசையாகத் தோன்றாது. மாமியாரை வில்லி ஆக்கிவிடாதீர்கள். அவருக்கு எல்லாம் தெரியும் என்பதும், தெரிந்தும் பேசாமல் இருப்பதும் போதும்.

கொண்டல்:
சீதையின் நகைகளில் காற்சிலம்பை மட்டுமே தன்னால் அடையாளம் காண முடிகிறது என்று வான்மீகியின் இலக்குவன் சொல்வான், அன்றாடம் அவள் பாதங்களை வணங்கியவன் என்பதால். அந்தக் கதையிலேயே ஊறிய நம் கரையில், கொழுந்தனின் பார்வை எந்த நாளில் பாதத்தை விட்டு மேலே எழுகிறது என்பதே எனக்குப் பெரிய காட்சியாகப் படுகிறது.

பாம்பன் வாசி:
மூவருக்கும் நன்றி. இரவுக் காட்சியை நீக்கிவிட்டேன். பாசி மூட்டையோடு கரையேறும் மதினிக்குக் கைகொடுக்க அவன் இறங்குகிறான். அவளோ மூட்டையை மட்டும் அவனிடம் நீட்டுகிறாள்.