பாசல் நகரத்து ரைன் ஓடங்கள்: பாலத்துக்கு முந்தியவையா?

கேள்வி – கரையோரன்

அண்மையில் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் ரைன் ஆற்றை ஒரு மர ஓடத்தில் கடந்தேன். மோட்டாரும் இல்லை, துடுப்பும் இல்லை. ஓடக்காரர் ஒரு நெம்புகோலைத் திருப்பிவிட்டுப் பேசிக்கொண்டு நின்றார், ஓடம் தானாக அக்கரை சேர்ந்தது. பாலம் கட்டப்படுவதற்கு முன்பிருந்தே இவை ஓடுகின்றன என்று உடன் வந்த நண்பர் கூறினார். அது சரிதானா? மேலும் கீழும் பாலங்கள் இருக்க, இவை இன்னும் எப்படி நீடிக்கின்றன?

மறுமொழி – செங்கதிர்

நண்பர் கூறியது தலைகீழ். பாலம்தான் மூத்தது. ஆயர் ஹைன்ரிக் ஃபான் டூன் காலத்தில், 1226 வாக்கில் எழுந்த நடுப்பாலம் அறுநூறு ஆண்டுகளுக்கும் மேலாக அந்நகரின் ஒரே பாலமாக இருந்தது. இன்று நாம் காணும் கல் பாலம் 1905இல் அதன் இடத்தில் கட்டி முடிக்கப்பட்டது.

முதல் ஓடம் 1854இல்தான் வந்தது. அதைத் தொடங்கியவர்கள் படகோட்டிகள் அல்லர், ஓவியர்கள் என்பதுதான் இதில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி. யோகான் யாக்கோப் இம் ஹோஃப் முன்னின்று நடத்திய கலைஞர் சங்கத்துக்குக் கண்காட்சிக் கட்டடம் எழுப்பப் பணம் தேவைப்பட்டது. நடுப்பாலம் வரை சுற்றிச் செல்ல விரும்பாதவர்களிடம் சில்லறைக் கட்டணம் பெற்று அதைச் சேர்க்கலாம் என்று கணக்கிட்டார்கள். கணக்குப் பொய்க்கவில்லை. 1872இல் திறக்கப்பட்ட குன்ஸ்ட்ஹாலே என்னும் கலைக்கூடத்தின் செலவில் ஒரு பங்கு அந்த ஓடக்கூலிதான்.

1879இல் வெட்ஸ்டைன் பாலம் முதல் துறை இருந்த இடத்திலேயே திறக்கப்பட்டதால் அங்கே ஓடத்துக்கு வேலை இல்லாமல் போயிற்று. ஆயினும் பாலங்களுக்கு இடைப்பட்ட பகுதிகளில் ஓடத்துறைகள் அமைந்தன. இப்போது நான்கு இருக்கின்றன. ஓர் அறக்கட்டளை ஓடங்களைப் பேணுகிறது; ஓடக்காரர்கள் குத்தகைக்கு எடுத்து ஓட்டுகிறார்கள். நீடிப்பின் காரணம் பயண வசதியைவிட ஊராரின் பற்று என்றே நான் கருதுகிறேன்.

மறுமொழி – நீரியல் மாணவி

அந்த நெம்புகோலைப் பற்றி: ஆற்றுக்குக் குறுக்கே உயரத்தில் ஒரு கம்பிவடம் கட்டப்பட்டிருக்கிறது. அதன்மீது ஓடும் உருளையிலிருந்து தொங்கும் இன்னொரு வடம் ஓடத்தைப் பிடித்திருக்கிறது. ஓடம் நீரோட்டத்துக்கு நேராக நின்றால் அசையாது; சற்றுச் சாய்ந்து நின்றால், பக்கவாட்டில் மோதும் நீர் அதைக் கரை நோக்கித் தள்ளும், கம்பிவடமோ கீழ்நோக்கி அடித்துச் செல்லவிடாது. திரும்பும்போது நெம்புகோலால் பிடிப்பை மறுபக்கம் மாற்றினால் சாய்வும் மாறிவிடும். வெள்ளம் பெருகினால் ஓட்டத்தை நிறுத்திவிடுவார்கள்.

மறுமொழி – கரையோரன்

இருவருக்கும் நன்றி. நான் ஏறிய ஓடத்தின் பெயர் லொய். அதற்குப் பொருள் உண்டா?

மறுமொழி – செங்கதிர்

சிங்கம் என்று பொருள். வில்ட் மா என்னும் காட்டு மனிதன், லொய், ஃபோகல் கிரிஃப் என்னும் கழுகுச்சிங்கம் ஆகிய மூன்றும் வலக்கரைப் பகுதியான கிளைன்பாசலின் பழைய சங்கங்களுடைய சின்னங்கள்; நான்காம் ஓடமான உவேலி, அவற்றோடு சனவரி விழாவில் உண்டியல் ஏந்திவரும் கோமாளி. அவ்விழாவில் காட்டு மனிதன் மிதவையில் வரும்போது எதிர்க்கரைக்கு முதுகைக் காட்டியே ஆடுவான்!

இன்னொன்று: நம்ப முடியாத கதை சொல்பவரிடம் “அதை ஓடக்காரரிடம் போய்ச் சொல்” என்பது பாசல் வழக்கு. உங்கள் நண்பரிடம் சொல்லிப் பாருங்கள்.