ஞாயிறு காலைத் தாச்சி

குழு: அம்மா வீட்டு அடுப்படி

அக்கா (நுவரெலியா) 6.40
எல்லோருக்கும் காலை வணக்கம். இன்று எங்கள் வீட்டில் ஷக்ஷூகா. துனீசியா பக்கத்தில் தக்காளியைக் குழம்பாக வதக்கி, அதிலேயே முட்டையை உடைத்து ஊற்றி வேகவைப்பார்கள். நான் நம் ஊர் லீக்ஸையும் கரட்டையும் சேர்த்திருக்கிறேன். தொட்டுச் சாப்பிடப் பாண் இல்லை, குரக்கன் மா கலந்த தேங்காய் ரொட்டி.
[படம்]

அத்தை (பண்டாரவளை) 6.44
படத்தைப் பார்த்ததும் பசி எடுத்துவிட்டது. அளவைச் சொல்லம்மா, இங்கே நான்கு பேர்.

அக்கா 6.52
பழுத்த தக்காளி ஐந்து, லீக்ஸ் இரண்டு, கரட் ஒன்று, கறிமிளகாய் மூன்று, வெங்காயம் ஒன்று, பூண்டு நாலு பல், முட்டை நான்கு.

லீக்ஸைக் கழுவுவதில்தான் கவனம் வேண்டும், அத்தை. நீளவாக்கில் பிளந்து மடல் மடலாக விரித்து ஓடும் தண்ணீரில் பிடியுங்கள். வெளியே பளிச்சென்று இருக்கும், உள்மடலில் மண் ஒட்டியிருக்கும். ஒரு மணல் பல்லில் கடிபட்டால் தாச்சி முழுவதும் வீண். பச்சைப் பகுதியை எறிய வேண்டாம், பொடியாக நறுக்கினால் நன்றாக வதங்கும்.

சீரகம் பொரிந்ததும் வெங்காயம், பூண்டு, லீக்ஸ், கறிமிளகாய், துருவிய கரட். வதங்கிய பிறகு தக்காளி, மஞ்சள், மிளகாய்த்தூள், உப்பு. ஓரத்தில் எண்ணெய் தெரியும்வரை விடுங்கள். பிறகு கரண்டியால் நான்கு குழி பறித்து, குழிக்கு ஒரு முட்டை. மூடி வைத்து மெல்லிய நெருப்பு.

தம்பி (கொழும்பு) 7.03
எத்தனை நிமிடம், அக்கா? இங்கே எனக்கு ஐந்து நிமிடம் போதுமாக இருந்தது.

அக்கா 7.06
இங்கே எட்டு நிமிடம் பிடித்தது. நுவரெலியா 1,868 மீட்டர் உயரம் அல்லவா, தண்ணீர் ஏறக்குறைய 94 பாகையிலேயே கொதித்துவிடும், அதனால் முட்டை பிந்தித்தான் இறுகும். கடிகாரத்தை விட்டு வெள்ளைக்கருவைப் பார். தங்கச்சி மாசமாக இருக்கிறாள், அவளுடைய முட்டையில் மஞ்சள் கருவும் முழுவதும் இறுகட்டும்.

அம்மா (தோட்டம்) 7.20
பார்க்க நன்றாக இருக்கிறது மகள். கொழுந்து பறிக்கப் போகிற அவசரத்தில் எனக்கு இதற்கு நேரம் ஏது? ரொட்டியும் கட்டச்சம்பலும் ஒரு பிளேன்டீயும் போதும்.

அக்கா 7.29
அம்மா, உங்களை நினைத்துத்தான் இதைச் செய்து பார்த்தேன். போன மாதம் கிளினிக்கில் இரத்தம் குறைவு என்று சொன்னதிலிருந்து எனக்கு இதே யோசனை. ரொட்டியோடு சேர்த்துத் தேநீர் குடித்தால், மாவிலும் காய்கறியிலும் உள்ள இரும்புச்சத்து உடம்பில் சேர்வதைத் தேநீரின் சாயம் குறைத்துவிடும். தக்காளியிலும் கறிமிளகாயிலும் உள்ள விற்றமின் சி அதைச் சேர்க்க உதவும். ஒரு முட்டையில் 6 கிராம் அளவு புரதமும் இருக்கிறது. மலை ஏறி இறங்குகிற உடம்புக்கு வெறும் மாவு எப்படிக் காணும்? கிளினிக்கில் கொடுத்த மாத்திரையையும் விட்டுவிடாதீர்கள்.

நேரத்துக்கு வழி இருக்கிறது. தக்காளிக் குழம்பை ஞாயிறு இரவே செய்து, ஆறியதும் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். காலையில் கொதிக்கவிட்டு முட்டையை மட்டும் ஊற்றினால் போதும்.

மாமா (வெலிமடை) 7.34
அக்கா, உங்கள் மகள் சொல்வதைக் கேளுங்கள். நாளைக் காலைப் பஸ்ஸில் ஒரு கட்டு லீக்ஸும் கறிமிளகாயும் கொடுத்தனுப்புகிறேன். கரட்டும் வைக்கிறேன், இன்று பிடுங்கியது.

அம்மா 7.41
எல்லாம் சரி. பனியில் விரல் விறைத்துப்போகிறதே, தேநீர் இல்லாமல் எப்படி?

அக்கா 7.43
தேநீரை விடச் சொல்லவில்லை, அம்மா. ஐந்து மணிக்கு எழுந்தவுடன் சுடச்சுடக் குடியுங்கள். சாப்பாடு ஆறு மணிக்கு மேல். அடுத்த தேநீர், சாப்பிட்டு ஒரு மணி நேரம் போன பிறகு.

அம்மா 7.50
தாச்சிக்கு மூடி இல்லை. சோற்றுத் தட்டைக் கவிழ்த்து மூடலாமா?

அக்கா 7.51
தாராளமாக மூடலாம், அம்மா. தூக்கும்போது ஆவி அடிக்கும், துணி பிடித்துத் தூக்குங்கள்.